கறிவேப்பிலையின் முழுப்பெயர்: கோவையிலிருந்து தரங்கம்பாடி வரை

புதன், கோவை

பெயர் மெட்ராஸ் ஹெர்பேரியம், அதாவது காய்ந்த செடிகளைத் தாளில் ஒட்டிச் சேர்த்துவைக்கிற இடம், இருப்பது கோயம்புத்தூரில். லாலி ரோட்டில் வேளாண்மைப் பல்கலைக்கழக வளாகத்துக்குள் பொட்டானிக்கல் சர்வே ஆஃப் இந்தியாவின் தென்மண்டல அலுவலகம் இருக்கிறதே, அங்கே. சென்னையில் தொடங்கிய தொகுப்பு போன நூற்றாண்டின் ஆரம்பத்திலேயே இங்கே வந்துவிட்டது, பெயரை மட்டும் யாரும் மாற்றவில்லை. செடிகளின் பெயரை ஓயாமல் மாற்றுகிற ஆட்கள் சொந்த வீட்டின் பெயரை விட்டுவைத்திருப்பது எனக்குப் பிடித்திருந்தது.

நண்பன் ஒருவன் தாவர வகைப்பாட்டில் ஆராய்ச்சி செய்கிறான். ஏதோ ஒரு புல் பேரினத்தின் (நெருங்கிய இனங்கள் சேர்ந்த கூட்டம், செடிப் பெயரின் முதல் சொல் அதுதான்) தாள்களைப் பார்க்க முறையாகக் கடிதம் எழுதி அனுமதி வாங்கியிருந்தான், அப்படியே திருச்சி, தரங்கம்பாடி என்று ஒரு சுற்று போகப் போகிறேன், வர்றியாடா என்றான், எனக்கும் லீவு மிச்சம் இருந்தது. பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்த தாவரப் பெயர்களில் நிறைய இப்போது செல்லாதாம், அது எனக்கு நெடுநாள் எரிச்சல். இவ்வளவு கஷ்டப்பட்டு லத்தீனில் பெயர் வைத்துவிட்டு அப்புறம் ஏன் மாற்ற வேண்டும்? அந்த ஒரு கேள்வியைத்தான் மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பினேன்.

உள்ளே போனதும் முதலில் நாப்தலீன் வாடை. வரிசை வரிசையாக இரும்பு அலமாரிகள், அவற்றில் இரண்டரை லட்சத்துக்கும் மேலே தாள்கள். தாள் என்றால் வெறும் காகிதம் இல்லை. செடியைப் பூவும் காயுமாக, சின்னதாக இருந்தால் வேரோடு பிடுங்கி, செய்தித்தாளுக்கு நடுவே வைத்து அழுத்தி, ஈரம் போகப் போகத் தாளை மாற்றி, பூச்சி அரிக்காமல் இருக்க விஷக் கரைசலில் முக்கி எடுத்து, 42க்கு 28 சென்டிமீட்டர் கெட்டித் தாளில் ஒட்டி, தடித்த தண்டை நூல் போட்டுத் தைத்து வைத்திருக்கிறார்கள். வலது பக்கக் கீழ் மூலையில் லேபிள்: எங்கே, எந்தத் தேதி, எவ்வளவு உயரத்தில், யார் எடுத்தது, எடுத்தவரின் வரிசை எண் என்ன. பூவின் நிறத்தைக் கண்டிப்பாக எழுதியிருப்பார்கள், காய்ந்தால் எல்லாம் பழுப்பாகிவிடும் இல்லையா.

நான் அதிக நேரம் நின்றது ஒரு கருவேலங் கிளைக்கு முன்னால். எல்லாருக்கும் தெரிந்த நாட்டுக் கருவேலம்தான், இரட்டை இரட்டையாக வெள்ளை முள், மாலையில் மணி கோத்த மாதிரி இடைவெட்டு விழுந்த காய், பழைய மஞ்சள் உருண்டைப் பூக்கள் உதிர்ந்து அதற்கென்று ஒட்டிய சின்னக் காகித உறைக்குள் கிடந்தன. லேபிளில் பழைய இங்க்கில் அகேசியா அராபிக்கா என்று எழுதியிருந்தது. அதற்கு மேலே ஒட்டிய துண்டுச் சீட்டில் வேறொரு கையெழுத்தில் அகேசியா நிலோட்டிக்கா. அதற்கும் மேலே கம்ப்யூட்டரில் அச்சடித்த சீட்டு: வாச்செல்லியா நிலோட்டிக்கா. யாரும் எதையும் அடிக்கவில்லை, அழிக்கவில்லை. பின்னால் வருகிறவர் தன் கருத்தைப் பெயரும் தேதியும் போட்டு ஒட்டிவிட்டுப் போகிறார், முன்னால் இருந்தவரின் கருத்து அதற்குக் கீழே அப்படியே இருக்கிறது. நம் ஊரில் இப்படி மரியாதையாக நடக்கிற சண்டையை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

இன்னொரு பக்கம் தனியாகப் பூட்டிய அலமாரி. வகைமாதிரிகள் அங்கேதான் இருக்கின்றன. புதுச் செடி ஒன்றைக் கண்டுபிடித்துப் பெயர் வைக்கிறவர், இந்தப் பெயர் இந்தத் தாளில் உள்ள இந்தச் செடிக்கு என்று ஒரு தாளைக் காட்டியாக வேண்டும், 1958-க்குப் பிறகு அப்படிக் காட்டாத பெயர் செல்லாது. அதாவது பெயர் கட்டப்பட்டிருப்பது காட்டில் நிற்கிற லட்சம் செடிகளோடு இல்லை, எங்கோ ஓர் அலமாரியில் காய்ந்து கிடக்கிற ஒரே ஒரு கிளையோடு. சர்வே கல் மாதிரிதான். நிலம் பிரியும், சேரும், பட்டா கை மாறும், கல் இருக்கிற இடத்தில் இருக்கும், எந்தத் தகராறு வந்தாலும் அங்கிருந்துதான் அளக்க வேண்டும். பாதி எரிச்சல் அங்கேயே இறங்கிவிட்டது. மாறுவது இந்தச் செடி யாருக்கு உறவு என்ற கருத்து. தாள் மாறுவதில்லை.

கோவைக்கு இதில் இன்னொரு பழைய சம்பந்தமும் உண்டு. ராபர்ட் வைட் என்ற ஸ்காட்லாந்து டாக்டர் 1840-களில் இங்கே பருத்திப் பயிர் ஆராய்ச்சியைக் கவனித்துக்கொண்டிருந்தார், மிச்ச நேரமெல்லாம் செடிதான். தென்னிந்தியத் தாவரங்களை அவர் தொகுதி தொகுதியாகப் படங்களோடு வெளியிட்டபோது அந்தப் படங்களை வரைந்தவர்கள் ரங்கையா, கோவிந்து என்ற இரண்டு ஓவியர்கள். கோவிந்துவின் பெயரால் கோவிந்தூயா என்று ஓர் ஆர்க்கிட் பேரினத்துக்கே வைட் பெயர் வைத்தார். நல்ல காரியம். ஆனால் அது தனிப் பேரினமில்லை, முன்பே பெயருள்ள ட்ரோபிடியாதான் என்று பிறகு முடிவானது, முந்திய பெயர்தான் நிற்கும் என்பது விதி. கோவிந்து இப்போது இணைப்பெயர்ப் பட்டியலில், அதாவது புழக்கத்திலிருந்து போன பெயர்களின் பட்டியலில் மட்டும் இருக்கிறார். வைட்டின் பெயரைத் தாங்கிய செடிகளோ எக்கச்சக்கம்.

வியாழன், குன்னூர்

நேற்று எழுதியதைப் படித்துவிட்டு அக்கா போன் பண்ணினாள். அதெல்லாம் சரி, ஏன் லத்தீன், அந்த மொழியை யார் பேசுகிறார்கள் என்று கேட்டாள். நண்பனிடம் போனைக் கொடுத்தேன். "யாருமே பேசலைங்கறதாலதான் அக்கா, எந்த நாட்டுக்காரனும் சண்டைக்கு வரமாட்டான்" என்றான். இது பாதி வேடிக்கை. முழுக்கதை என்னவென்றால், செடிகளுக்கு இரண்டு சொல்லில் பெயர் வைக்கும் வழக்கத்தை நிலைநிறுத்திய ஸ்வீடன்காரர் லின்னேயஸ் காலத்தில் ஐரோப்பாவில் படித்தவர்கள் எல்லாருமே லத்தீனில்தான் எழுதினார்கள், பிறகு ஆளாளுக்குத் தன் மொழியில் எழுத ஆரம்பித்ததும் பின்னாளில் அதையே விதியாக்கினார்கள். 1935 தொடக்கத்திலிருந்து 2011 முடிவு வரை புதுத் தாவரத்துக்குப் பெயர் வைத்தால் அதன் விவரத்தை லத்தீனில் எழுதித்தான் ஆக வேண்டும், இல்லாவிட்டால் பெயர் எண்ணிக்கையில் சேராது. 2012-லிருந்து ஆங்கிலத்திலும் எழுதலாம், அச்சில் வராமல் பிடிஎஃப்பாக வந்தாலும் செல்லும். பெயர் மட்டும் இன்னும் லத்தீன் உருவில்தான் இருக்க வேண்டும்.

லின்னேயஸுக்கு முன்னால் பெயர் என்பதே ஒரு வாக்கியம். தக்காளிக்கு அவரே முதலில் எழுதிய பெயரைத் தமிழில் சொன்னால் முள்ளில்லாத பச்சைத் தண்டும், இறகாகப் பிளந்து ஓரம் வெட்டுப்பட்ட இலையும், கிளைக்காத பூங்கொத்தும் உடைய சோலானம் (கத்தரிக்காயின் பேரினம்) என்று வரும். சந்தையில் போய் இப்படிக் கேட்டால் என்ன ஆகும்? 1753-ல் வந்த தன் பெரிய நூலில் கிட்டத்தட்ட ஆறாயிரம் தாவரங்களுக்கு அந்த வாக்கியத்தோடு ஓரத்தில் ஒரே ஒரு சொல்லையும் போட்டார், தக்காளிக்கு லைக்கோபெர்சிக்கம். ஓரத்தில் போட்ட அந்தக் குறிப்புச் சொல்தான் இன்றைக்கு உலகம் முழுக்க ஓடுகிறது. தாவரப் பெயர்களுக்கு 1753 மே 1 தான் தொடக்க நாள் என்று பிறகு வந்தவர்கள் எழுதிவைத்துக்கொண்டார்கள், அதற்கு முந்திய பெயர் எதற்கும் உரிமை கிடையாது.

சரி, குன்னூருக்கு வருவோம். மேட்டுப்பாளையத்திலிருந்து பஸ்ஸில் ஏறி வந்தோம், ரயில் டிக்கெட் கிடைக்கவில்லை, அதைப்பற்றிப் புலம்ப வேண்டாம். தேயிலைத் தோட்டங்களுக்கு நடுவில் நிழலுக்காக நட்ட சில்வர் ஓக் மரங்கள் நெட்டு நெட்டாக நிற்குமே, இலையைத் திருப்பினால் அடிப்பக்கம் வெள்ளி பூசினாற்போல இருக்கும், அதில் ஒன்றைக் காட்டி நண்பன், இதுக்கு நம்ம ஊர்ல எல்லாருக்கும் தெரிஞ்ச ஒரு சொந்தம் இருக்கு, யாருன்னு சொல்லு பார்ப்போம் என்றான். ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த மரம், எனக்கென்ன தெரியும்? தாமரை என்றான்.

நான் சிரித்தேன், அவன் சிரிக்கவில்லை.

தாமரையும் அல்லியும் ஒரே குடும்பம் என்றுதான் லின்னேயஸிலிருந்து பலரும் நினைத்தார்கள். அவர் தாமரையையும் அல்லியையும் நிம்ஃபேயா என்ற ஒரே பேரினத்தில் வைத்தார், பின்னால் வந்தவர்கள் தாமரையைப் பிரித்து நெலும்போ ஆக்கினாலும் பலர் குடும்பத்தைப் பிரிக்கவில்லை. நேற்று பார்த்த மாதிரியான இந்திய ஹெர்பேரியங்களில் அலமாரி வரிசை பெந்தம், ஹூக்கர் என்ற இரண்டு ஆங்கிலேயத் தாவரவியலாளர்கள் 1862-க்கும் 1883-க்கும் நடுவே வகுத்த முறைப்படி போகிறது, அதிலும் தாமரைக்கு இடம் அல்லியோடுதான். குளத்தில் நிற்கிறது, வட்ட இலை, பெரிய பூ, நிறைய இதழ். வேறென்ன வேண்டும்? ஆனால் மகரந்தத் தூளை உருப்பெருக்கியில் பார்த்தவர்களுக்கு முதலிலிருந்தே உறுத்தல்: தாமரைத் தூளில் மூன்று பிளவுகள், அல்லியில் அப்படி இல்லை. இலை நீரில் மிதப்பதும் தண்டு உள்ளே குழாயாக இருப்பதும் குளத்தில் வாழ்கிற எந்தச் செடிக்கும் தேவைப்படலாம், ஆனால் மகரந்தத்தில் எத்தனை பிளவு என்பதற்கும் தண்ணீருக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை, அதனால்தான் வகைப்பாட்டுக்காரர்கள் கண்ணுக்குப் பெரிதாகத் தெரிவதைவிட இந்த மாதிரி வாழ்க்கைக்கு ஒன்றும் உதவாத அடையாளத்தை அதிகம் நம்புகிறார்கள். பிறகு டிஎன்ஏ வந்தது. உலகத்துத் தாவரவியலாளர்கள் பலர் கூட்டாகச் சேர்ந்து 1998-ல் பூக்கும் தாவரங்களின் புது வகைப்பாட்டை வெளியிட்டார்கள், நான்காவது திருத்தம் 2016-ல் வந்தது. அதில் அல்லி பூக்கும் தாவரங்களின் அடிமரத்திலேயே பிரிந்த மிகப் பழைய கிளைகளில் ஒன்று. தாமரை அங்கே இல்லவே இல்லை, அது எங்கோ தள்ளி, சில்வர் ஓக் குடும்பம் இருக்கிற வரிசைக்குள் போய் உட்கார்ந்திருக்கிறது.

இத்தனைக்கும் தாமரையின் தாளில் ஒரு மாற்றமும் இல்லை. நெலும்போ நுசிஃபெரா என்று 1788-ல் கெர்ட்னர் என்ற ஜெர்மானியர் கொடுத்த பெயரும் அப்படியேதான் இருக்கிறது. அலமாரியில் எந்தத் தட்டில் வைப்பது என்பதுதான் பிரச்சினை, அதைக்கூட யாரும் உடனே மாற்றுவதில்லை. இரண்டரை லட்சம் தாளை இடம் மாற்றிப் பாருங்கள், தெரியும்.

சாயங்காலம் மழை. ரூமிலேயே இருந்தோம்.

வெள்ளி, கரூர் வழியாகத் திருச்சி

கரூர் தாண்டி டீக்கு நிறுத்திய இடத்தில் ரோட்டோரம் முழுக்க ஆவாரை. பூ ஒன்றைப் பறித்தேன். நண்பன் பக்கத்துக் கருவேலத்தில் ஒரு முள்ளை ஒடித்து அதையே ஊசியாக வைத்து இதழ்களை ஒவ்வொன்றாக ஒதுக்கிக் காட்டினான். மகரந்தத் தாள் பத்து. எல்லாம் ஒரே மாதிரி இல்லை: மேலே மூன்று குட்டையாகச் சூம்பிப்போய் மகரந்தமே இல்லாமல், நடுவில் சில நிமிர்ந்து, கீழே இருப்பவை மட்டும் நீண்டு வளைந்து பூவுக்கு வெளியே எட்டிப் பார்க்கின்றன. லின்னேயஸ் முதலில் பார்த்தது எண்ணிக்கையை. மகரந்தத் தாள் ஒன்று என்றால் முதல் வகுப்பு, இரண்டு என்றால் இரண்டாம் வகுப்பு, பத்துக்குப் பத்தாம் வகுப்பு, எண்ணிக்கை மட்டும் போதாதவற்றுக்கு மகரந்தத் தாளின் நீளம், ஒட்டியிருக்கிற விதம் என்று பார்த்து மொத்தம் 24 வகுப்புகள். பெரும்பாலும் யார் வேண்டுமானாலும் எண்ணிப் பார்த்து நூலில் இடம் கண்டுபிடிக்கலாம், அந்த வசதியால்தான் அது ஐரோப்பா முழுக்கப் பரவியது. விளைவு? ஆவாரையும் வேம்பும் நெருஞ்சியும் ஒரே வகுப்பு. மூன்றுக்கும் பத்து, அவ்வளவுதான். இது சொந்தபந்தத்தைக் காட்டவில்லை என்பது அவருக்கே தெரியும், தேடி எடுக்கத் தோதான ஏற்பாடு என்ற அளவில் வைத்துக்கொண்டார்.

தொல்காப்பியம் வேறொன்றைப் பார்த்தது. வெளியில் வைரம் பாய்ந்தது புல், உள்ளே வைரம் பாய்ந்தது மரம். இந்தக் கணக்கில் பனையும் தென்னையும் மூங்கிலும் புல். இன்றைய டிஎன்ஏ மரத்திலும் பனையும் புல்லும் ஒருவித்திலைத் தாவரங்களுக்குள் ஒரே பெரிய கிளையில் வருகின்றன, அடிமரம் ஆண்டுதோறும் தடித்து உள்ளே வைரம் ஏறுவது இவற்றுக்குக் கிடையாது. உடனே எல்லாம் அன்றே தெரியும் என்று யாரும் மேடை போட வேண்டாம், ஒரு நல்ல அடையாளத்தைத் தேர்ந்தெடுத்தார்கள், மரம் வெட்டுகிறவன் கைக்குத் தெரிகிற அடையாளம், அதைத்தான் நான் ரசிக்கிறேன்.

பஸ் ஜன்னலுக்கு வெளியே கிலோமீட்டர் கணக்கில் சீமைக் கருவேலம். நேற்று முன்தினம் பார்த்த மூன்று சீட்டு ஞாபகம் வந்து, நாட்டுக் கருவேலம் ஏன் அகேசியாவாக இல்லாமல் போனது என்று கேட்டேன். இதுதான் இந்தத் துறையின் பெரிய அரசியல் சண்டை. அகேசியா என்ற பேரினத்தில் இருப்பதெல்லாம் ஒரே வம்சமில்லை, பிரிக்க வேண்டும் என்று தெரிந்துவிட்டது. பிரித்தால் பழைய பெயர் வகைமாதிரி எந்தப் பக்கம் இருக்கிறதோ அந்தப் பக்கம் போக வேண்டும், வகைமாதிரியாக இருந்தது ஆப்பிரிக்காவிலும் வளர்கிற நம் கருவேல இனமேதான். அப்படியானால் ஆஸ்திரேலியாவில் இருக்கிற ஆயிரம் வாக்கிலான இனங்களுக்குப் பெயர் மாற்ற வேண்டும், அகேசியா அவர்களுக்குத் தேசிய மலர் வேறு. வகைமாதிரியையே ஆஸ்திரேலிய இனமாக மாற்றிவிடலாம் என்று ஒரு குழு சிபாரிசு செய்தது. 2005-ல் வியன்னாவில் நடந்த உலகத் தாவரவியல் மாநாட்டில் ஓட்டெடுப்பு. சிபாரிசை எதிர்த்தவர்கள் பாதிக்கு மேல் இருந்தும், அதைக் கவிழ்க்க அறுபது சதவீதம் வேண்டும் என்றதால் தோற்றுப்போனார்கள். 2011-ல் மெல்போர்னில் திரும்பவும் மல்லுக்கட்டு, முடிவு மாறவில்லை. நம் கருவேலம் வாச்செல்லியா ஆனது இப்படி. சர்வே கல்லையே பெயர்த்து நட்ட விவகாரம். ஆப்பிரிக்கர்களின் கோபம் எனக்கு நியாயமாகத்தான் படுகிறது, ஆனால் ஆயிரம் பெயரை மாற்றுவதும் சாதாரண வேலை இல்லை.

சீமைக் கருவேலத்தின் கதை நேர்மாறு, அங்கே விதி ஒழுங்காக வேலை செய்தது. புரோசோபிஸ் ஜூலிஃப்ளோரா என்று பத்திரிகைகள் இன்னும் எழுதிக்கொண்டிருக்கின்றன. 2022-ல் அந்தப் பேரினத்தைப் பிரித்தபோது மெக்சிகோ, தென்னமெரிக்கப் பக்கத்து இனங்களில் பெரும்பாலானவை நெல்டுமாவுக்குள் போய்விட்டன, ஆகவே இது இப்போது நெல்டுமா ஜூலிஃப்ளோரா. புரோசோபிஸ் என்ற பழைய பெயர் யாரிடம் நின்றது? வகைமாதிரி யாரோ அவரிடம், அதாவது நம் வன்னி மரத்திடம். விருத்தாசலம் கோயிலில் தலவிருட்சமாக நிற்கிறதே, அதே வன்னி. ஒரு காலத்தில் இரண்டும் ஒரே பேரினம் என்று பாடத்தில் படித்தது இனி இல்லை.

திருச்சியில் செயின்ட் ஜோசப் கல்லூரியின் ரபினாட் ஹெர்பேரியம். 1967-ல் கே. எம். மேத்யூ என்ற இயேசு சபைப் பாதிரியார் தொடங்கியது. காவிரிப் படுகையும் சுற்றியுள்ள மலைகளுமாக வருஷக்கணக்கில் செடி சேர்த்து, தமிழ்நாட்டுக் கர்நாடகப் பகுதித் தாவரங்கள் (கர்நாடக மாநிலம் இல்லை, கார்னாட்டிக் என்று பழைய நூல்கள் சொல்கிற நம் பக்கம்) என்று 1980-களில் அவர் வெளியிட்ட தொகுதிகளை இன்றும் ஆராய்ச்சி மாணவர்கள் கையில் பார்க்கலாம். அதில் நான் விளையாடியது திறவுகோல் பகுதியை வைத்து. இரண்டு இரண்டு கேள்வியாகக் கேட்டுக்கொண்டே போகும், இதுவா அதுவா, ஒன்றைத் தேர்ந்தால் அடுத்த கேள்விக்கு எண் கொடுக்கும். வாசல் ஓரத்தில் முளைத்திருந்த தும்பையை வைத்துப் பார்த்தோம். தண்டு சதுரம், இலை எதிரெதிராக, பூ இரண்டு உதடாகப் பிளந்தது: துளசிக் குடும்பம். மேலுதடு குட்டையாகக் குவிந்து வெள்ளை மயிர் அடர்ந்து இருக்கிறது, கீழுதடு நீண்டு தொங்குகிறது: லூக்காஸ் பேரினம். கடைசியாகப் பூவைப் பிடுங்கிவிட்டு அதன் அடியில் இருக்கிற பச்சைக் கிண்ணத்தைப் பார்க்கச் சொன்னான், வாய் நேராக இல்லாமல் ஒரு பக்கம் உயர்ந்து சாய்வாக வெட்டின மாதிரி இருந்தது. ஆக, லூக்காஸ் ஆஸ்பெரா. சின்ன வயதிலிருந்து தேன் உறிஞ்சிய பூ, அந்தக் கிண்ணத்தின் வாய் சாய்வு என்று இன்றைக்குத்தான் தெரியும்.

போகிற போக்கில் ஒன்று: நொச்சியும் தேக்கும் பழைய நூல்களில் உண்ணிச்செடிக் குடும்பம், இப்போது துளசிக் குடும்பம். வீட்டுக் கொல்லையில் இருக்கிறவர்கள் குறித்துக்கொள்ளவும்.

சனி, தரங்கம்பாடி

மயிலாடுதுறையிலிருந்து பஸ். டேனிஷ்காரர்கள் 1620-ல் கட்டிய கோட்டை, 1718-ல் கட்டிய புது எருசலேம் தேவாலயம், அலை அரித்துப் பாதி போன மாசிலாமணிநாதர் கோயில், எல்லாம் நடந்துபோகிற தூரத்தில். வெயில் மண்டையைப் பிளந்தது. சுற்றுலா விவரம் வேண்டுகிறவர்களுக்கு வேறு நிறையப் பேர் எழுதியிருக்கிறார்கள், நாங்கள் வந்தது ஒரு டாக்டரைத் தேடி.

யோஹான் கெர்ஹார்ட் கோனிக். 1728-ல் பால்டிக் பகுதியில், இன்றைய லாத்வியாப் பக்கம் பிறந்தவர், ஸ்வீடனில் லின்னேயஸிடமே நேரடியாகப் படித்தவர். முதலில் ஐஸ்லாந்துக்குப் போய்ச் செடி சேர்த்தார், அங்கே கிடைத்த விரல் உயரப் பூண்டு ஒன்றுக்குக் குரு கோனிகியா என்று பெயர் வைத்தார். 1768-ல் தரங்கம்பாடிக்கு மருத்துவராக வந்து இறங்கினார். ஐஸ்லாந்துக் குளிருக்குப் பிறகு இந்த வெயில்! சம்பளம் போதாமல் பிறகு ஆற்காடு நவாபிடம், அப்புறம் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் வேலை பார்த்து, சயாம் வரை போய்வந்து, 1785-ல் காக்கிநாடா பக்கத்தில் செத்துப்போனார். அதற்குள் இங்கே இருந்த பாதிரியார்களுக்கும் டாக்டர்களுக்கும் இந்தப் பைத்தியத்தைத் தொற்றவைத்துவிட்டார். ரோட்லர் என்ற பாதிரியார் 1776-ல் வந்தவர், பின்னாளில் வேப்பேரியில் உட்கார்ந்து தமிழ் அகராதி எழுதியவர், அவர் சேர்த்த தாவரத் தாள்கள் இன்று லண்டன் கியூ தோட்டத்தில் இருக்கின்றன. காய்ந்த செடியை உலகத்துக்கெல்லாம் அனுப்புவதும், வாங்குவதும், யார் முதலில் விவரிப்பது என்று பார்ப்பதுமாக இந்தச் சின்னத் துறைமுகம் கொஞ்ச காலம் பெரிய கடையாக நடந்திருக்கிறது.

அவர்களுக்கெல்லாம் செடியைக் காட்டியது யார்? உள்ளூர் வைத்தியரும் ஆடு மேய்க்கிறவரும் சமையல்காரரும்தான், வேறு யார். இதற்கும் முன்னால், 1690-களில், புனித ஜார்ஜ் கோட்டை டாக்டர் சாமுவேல் பிரவுன் சென்னைச் சுற்றுவட்டாரச் செடிகளைத் தமிழ்ப் பெயரோடும் மருந்துக் குறிப்போடும் லண்டனுக்கு அனுப்பினார். சொல்லிக்கொடுத்தவர்களின் பெயர் தாள்களில் அநேகமாக இல்லை. எடுத்தவர், பெயர் வைத்தவர், பெயர் மாற்றியவர் எல்லாருக்கும் லேபிளில் இடம் உண்டு, இவர்களுக்கு மட்டும் கட்டம் இல்லை. விதியில் எந்தப் பிழையும் இல்லை, ஆனால் விதி எழுதியவர்களுக்கு அது தோன்றவே இல்லை.

சரி, கறிவேப்பிலை. மத்தியானம் சாப்பிட்ட மெஸ்ஸில் ரசத்தில் கிடந்ததை எடுத்து இலை ஓரம் வைத்துவிட்டு நண்பன் ஆரம்பித்தான். கோனிக் இங்கிருந்து அனுப்பியவற்றில் கறிவேப்பிலையும் ஒன்று. கிழவராகிவிட்ட லின்னேயஸ் அதற்குப் பெர்கெரா கோனிகி என்று பெயர் வைத்தார். அதே சமயம் இன்னொரு புதருக்குத் தன் மாணவர் முர்ரே பெயரால் முரயா என்று வைத்தார், நர்சரிகளில் முரயா என்றே கேட்டு வாங்கி வேலியோரம் நடுகிறோமே, ராத்திரி வாசனை தூக்குகிற வெள்ளைப்பூ, அந்த வகை. 1825-ல் ஸ்ப்ரெங்கல் என்ற ஜெர்மானியர் இரண்டும் ஒன்றுதான் என்று முடிவு செய்து கறிவேப்பிலையை முரயாவுக்குள் தள்ளினார். பேரினம் மாறினாலும் பின்சொல்லை, அதாவது பெயரின் இரண்டாம் சொல்லை விட்டுவிட முடியாது, வகைமாதிரியோடு அதுவும் கூடவே வரும், ஆகவே முரயா கோனிகி. முழுப்பெயர் எழுதும்போது முதலில் வைத்தவரை அடைப்புக்குறிக்குள்ளும் மாற்றியவரை வெளியிலும் போடுவார்கள்: முரயா கோனிகி (எல்.) ஸ்ப்ரெங். வெறும் எல் என்றால் லின்னேயஸ், அந்த ஒற்றை எழுத்து வேறு யாருக்கும் கிடையாது.

ஏறக்குறைய இருநூறு வருஷம் அப்படியே ஓடியது. பிறகு டிஎன்ஏவைப் பார்த்தால் கறிவேப்பிலை மற்ற முரயாக்களோடு ஒட்டவில்லை. பழத்தைப் பார்த்தாலும் தெரியும், முரயாவில் ஆரஞ்சுச் சிவப்பு, கறிவேப்பிலையில் பழுக்கப் பழுக்கக் கருநீலம். இப்போது கியூ தோட்டத்துப் பட்டியல் பெர்கெரா கோனிகி எல். என்றே போடுகிறது. திரும்பிப் பழைய இடத்துக்கே வந்ததால் அடைப்புக்குறியும் போயிற்று, ஸ்ப்ரெங்கலும் போயிற்று. ரசத்தில் கிடந்த தக்காளிக்கும் இதே கதை: 1753-ல் சோலானம், 1768-ல் லைக்கோபெர்சிக்கான் என்று தனிக்குடித்தனம், இப்போது திரும்பவும் சோலானம்.

லின்னேயஸின் சொந்தத் தாள்கள் அவரும் மகனும் இறந்த பிறகு 1784-ல் ஜேம்ஸ் எட்வர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய இளைஞருக்கு விலை போயின, லண்டன் லின்னேயன் சங்கத்தில் பத்திரமாக இருக்கின்றன, படங்களை இணையத்தில் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். கோட்டை நிழலில் உட்கார்ந்து போனில் சிலவற்றைப் பெரிதாக்கிப் பார்த்தோம். நண்பனுக்கு அதில் உள்ள கிறுக்கல் எல்லாம் படிக்க வருகிறது. எனக்குக் காம்பும் இலையும் மட்டும் தெரிந்தது, சிக்னல் வேறு விட்டு விட்டு வந்தது.

ஞாயிறு, ரயிலில்

எழுத மிச்சம் அதிகம் இல்லை. ஒரு விஷயத்தில் மட்டும் நானும் அவனும் விழுப்புரம் வரை சண்டை போட்டோம். 2024-ல் மாட்ரிட் மாநாட்டில், ஆப்பிரிக்கக் கறுப்பின மக்களை இழிவாகச் சொல்கிற ஒரு சொல்லிலிருந்து வந்த காஃப்ரா என்ற பின்சொல்லை அஃப்ரா என்று திருத்த ஓட்டுப் போட்டார்கள், இருநூறுக்கும் மேலான பெயர்கள் ஒரே எழுத்து விலகி மாறுகின்றன. 2026 தொடக்கத்திலிருந்து வைக்கப்படும் புதுப்பெயர் யாரையாவது இழிவுபடுத்தினால் அதை நிராகரிக்கவும் வழி செய்தார்கள். அவனுக்கு இதில் முழுச் சம்மதம் இல்லை. பெயரில் அர்த்தம் தேட ஆரம்பித்தால் முடிவே இருக்காது, அது தாளுக்குப் போட்ட எண் மாதிரிதான், யாரையும் புகழவும் இல்லை இகழவும் இல்லை என்கிறான். எண் என்றால் எண்ணையே போட்டிருக்கலாமே, கோனிக், முர்ரே என்று ஆட்களின் பெயரை எதற்குப் போட்டீர்கள் என்றேன். அதற்கு அவனிடம் பதில் இல்லை, இருந்தாலும் ஒத்துக்கொள்ளவில்லை. அடுத்த மாநாடு 2029-ல் கேப்டவுனில், அங்கே இந்தப் பேச்சு திரும்பவும் வரும், அப்போது பார்க்கலாம் என்று இரண்டு பேரும் விட்டுவிட்டோம்.

போக நினைக்கிறவர்களுக்கு: ஹெர்பேரியங்கள் அருங்காட்சியகம் இல்லை, முன்கூட்டி எழுதி அனுமதி வாங்க வேண்டும், வேலை நாளில்தான் திறந்திருக்கும். தாளைக் குப்புறத் திருப்பாதீர்கள், புத்தகப் பக்கம் மாதிரிப் புரட்டாதீர்கள், இரண்டு கையாலும் ஏந்தி எடுத்து அப்படியே பக்கத்தில் வைக்க வேண்டும். உதிர்ந்த பூ கிடந்தால் பொறுக்கி அந்தத் தாளின் காகித உறைக்குள்ளேயே போட்டுவிடுங்கள்.